பெட்டியில் 9,000 லூமென்ஸ்... வேட்டியில் படமே தெரியல! புரொஜெக்டர் விலையின் கதை

போன கோடை லீவில் மதுரையில் அக்கா வீட்டுக்குப் போயிருந்தேன். உள்ளே நுழைந்ததுமே அக்கா மகன் கையைப் பிடித்து மொட்டை மாடிக்கு இழுத்துப்போனான். கொடிக்கம்பியில் எட்டு முழ வேட்டி இழுத்துக் கட்டியிருந்தது. எதிரே ஸ்டூலில் ஒரு வெள்ளை டப்பா.

"மாமா, புரொஜெக்டர்! 9,000 லூமென்ஸ். 4கே வேற. எம்.ஆர்.பி. 24,999, ஆஃபர்ல 6,499-க்கு வந்துச்சு. இன்னிக்கு மேட்ச் இதுலதான்!"

மணி ஆறு. வெளிச்சம் இருந்தது. வேட்டியில் ஏதோ அசைவது மட்டும் தெரிந்தது. இருட்டட்டும் என்று காத்திருந்தோம். ஏழரைக்கு டாஸ் முடிந்து ஆட்டம் தொடங்கியபோதும் தெருவிளக்கின் வெளிச்சத்தில் மைதானம் சாம்பல் பூத்துக் கிடந்தது. பந்து எங்கே போகிறது என்று யாருக்கும் தெரியவில்லை. நாலாவது ஓவரில் அம்மா எழுந்துவிட்டார். "கீழ டி.வி.லயே பாத்துக்கறேன்டா, கண்ணு வலிக்குது."

பையன் முகம் வாடிப்போனது. அது அவனுடைய சேமிப்புப் பணம், பெரியவர்கள் கொடுத்த பொங்கல் காசு. அந்த 6,499 ரூபாய் எங்கே போனது என்று பார்ப்போமா?

அந்த 9,000 எங்கிருந்து வந்தது?

வெளிச்சத்தை அளக்கப் பல வழிகள் உண்டு. நம்பத்தகுந்தது ஆன்சி லூமென்ஸ், அல்லது ஐ.எஸ்.ஓ. லூமென்ஸ். திரையில் விழும் படத்தை ஒன்பது பகுதிகளாகப் பிரித்து, ஒவ்வொன்றிலும் எவ்வளவு வெளிச்சம் வந்து சேர்கிறது என்று அளந்து, சராசரி எடுத்துக் கணக்கிடுவார்கள். நம் கண்ணுக்குக் கிடைப்பது அதுதான். மலிவு டப்பாக்களில் வெறும் 'லூமென்ஸ்' என்றோ, 'எல்.இ.டி. லூமென்ஸ்' என்றோ போட்டிருப்பார்கள். உள்ளே இருக்கும் விளக்கு எவ்வளவு எரிகிறது என்று அதற்குப் பொருள் சொல்லலாம். பல சமயம் எந்தப் பொருளும் இல்லாமல், விற்பவர் மனதில் தோன்றிய எண்ணாகவும் இருக்கும். கிணற்றில் எத்தனை குடம் இருக்கிறது என்பதா முக்கியம், வீட்டுக்கு எத்தனை குடம் வந்தது என்பதுதானே? விளக்கின் ஒளியில் பெரும்பகுதி பேனலிலும் லென்ஸிலுமே வடிந்துவிடுகிறது.

ஒரு ஒப்பீடு பாருங்கள். 2022-ல் சாம்சங் 'தி ஃப்ரீஸ்டைல்' என்ற சின்ன உருளை வடிவ புரொஜெக்டரை இந்தியாவில் அறிமுகம் செய்தது. விலை 84,990 ரூபாய். அதன் அதிகாரபூர்வ வெளிச்சம் 230 லூமென்ஸ்தான். எண்பத்தைந்தாயிரம் ரூபாய்ப் பெட்டிக்கு 230, ஆறாயிரத்து ஐந்நூறு ரூபாய்ப் பெட்டிக்கு 9,000! இந்த ஒரு கணக்கே போதும், எந்த எண் நிஜம் என்று புரிந்துகொள்ள.

அந்த 230 லூமென்ஸால் என்ன செய்ய முடியும்? 100 இன்ச் திரை என்பது சுமார் ஏழேகால் அடி அகலம், நாலு அடி உயரம், பரப்பு 2.75 சதுர மீட்டர். 230-ஐ அந்தப் பரப்பால் வகுத்தால் ஒரு சதுர மீட்டருக்கு 84 வருகிறது. டியூப் லைட் எரியும் ஹாலில் சுவரின் மேல் விழும் வெளிச்சமே ஏறக்குறைய அந்த அளவோ, அதற்கு மேலோ இருக்கும். ஆகவே லைட்டைப் போட்டால் படம் காலி. படத்தை 50 இன்ச்சாகச் சுருக்கினால் பரப்பு கால்வாசியாகும், வெளிச்சம் நாலு மடங்கு கூடும். ஆனால் 50 இன்ச்சுக்குத்தான் டி.வி. இருக்கிறதே!

விற்பனைப் பக்கத்தில் இருந்த 4கே-யும் இதே கதைதான். '4கே சப்போர்ட்' என்றால் 4கே வீடியோவை உள்வாங்கிக்கொள்ளும் என்று மட்டுமே அர்த்தம். சுவரில் காட்டுவது உள்ளே இருக்கும் பேனலின் தரத்தில்தான். அக்கா மகன் வாங்கியதில் பேனல் 720பி. விற்பனைப் பக்கத்தின் கடைசியில், பொடி எழுத்தில், 'நேட்டிவ் ரெசல்யூஷன்' என்ற வரியில் அது எழுதியிருந்தது. பொய் சொல்லவில்லை, ஒளித்து வைத்திருந்தார்கள். அவ்வளவுதான்.

ஒரே டப்பா, பத்துப் பெயர்

சென்னை ரிச்சி ஸ்ட்ரீட்டில் ஒரு நடை நடந்தால் இந்த வியாபாரம் புரிந்துவிடும். ஒரே அச்சில் வார்த்த உருளை புரொஜெக்டர், கடைக்குக் கடை வேறு வேறு பெயரில் அடுக்கியிருக்கும். வடிவம் ஃப்ரீஸ்டைலைப் பார்த்துச் செய்தது. சந்தையில் 'எச்.ஒய். 300' என்று அழைக்கப்படும் இந்த ரகம் சீனாவிலிருந்து வருகிறது. பெயர் ஒட்டுவது மட்டும் இறக்குமதியாளர் வேலை.

புரொஜெக்டர் உலகில் சீனாவின் பங்கு மலிவுப் பெட்டிகளோடு நிற்பதில்லை. செங்டூவில் இருக்கும் எக்ஸ்ஜிமி, ஷென்செனின் ஜேஎம்ஜிஓ போன்ற நிறுவனங்கள் லட்ச ரூபாய் லேசர் புரொஜெக்டர்களையும் செய்கின்றன. ஜப்பானின் எப்சன் தன் புரொஜெக்டர்களைச் சீனாவிலும் பிலிப்பைன்ஸிலும் இருக்கும் தொழிற்சாலைகளில் தயாரிக்கிறது. சென்னையைத் தலைமையிடமாகக் கொண்ட ஜெப்ரானிக்ஸ்கூட 'பிக்ஸாபிளே' என்ற பெயரில் புரொஜெக்டர் விற்கிறது. நம்மூரில் விற்கும் புரொஜெக்டர்களுக்கான முக்கிய பாகங்கள் பெரும்பாலும் கடல் கடந்தே வருகின்றன.

விலை இவ்வளவு இறங்கக் காரணம் உள்ளே இருக்கும் மூன்று மாற்றங்கள். முன்பு புரொஜெக்டர் என்றால் பாதரச ஆவி விளக்கு. சில ஆயிரம் மணி நேரத்தில் மங்கிவிடும், மாற்று விளக்கின் விலையோ பல ஆயிரம். அந்த இடத்துக்கு எல்.இ.டி. வந்தது. இருபதாயிரம் மணி நேரத்துக்கு மேல் உழைக்கும், விலையும் கொஞ்சம். அடுத்து, படத்தை உருவாக்கும் பாகம். டெக்சாஸ் இன்ஸ்ட்ருமென்ட்ஸ் நிறுவனத்தில் லாரி ஹார்ன்பெக் 1987-ல் கண்டுபிடித்த நுண்கண்ணாடி சிப்தான் டி.எல்.பி. புரொஜெக்டரின் உயிர். எப்சன் போன்றவை மூன்று தனித்தனி எல்.சி.டி. பேனல்களை வைக்கின்றன. மலிவு டப்பாவில் இரண்டும் கிடையாது. செல்போன் திரை போல ஒற்றை எல்.சி.டி. பேனலை வைத்து, பின்னாலிருந்து விளக்கடிக்கிறார்கள். மூன்றாவது, ஆண்ட்ராய்டு டி.வி. பாக்ஸுக்காக லட்சக்கணக்கில் தயாராகும் மலிவு சிப். மூன்றையும் சேர்த்தால் சில ஆயிரங்களில் ஒரு புரொஜெக்டர் தயார்.

இதில் ஆச்சரியம், ரூபாய் சரிந்தும் இது நடந்திருக்கிறது என்பது. 2014-ல் ஒரு டாலர் சுமார் 60 ரூபாய். 2025 டிசம்பரில் 90-ஐத் தாண்டியது. அதாவது அதே 50 டாலர் சரக்குக்கு அன்று 3,000 ரூபாய் கொடுத்த இறக்குமதியாளர் இப்போது 4,500 கொடுக்க வேண்டும். மலிவுப் பெட்டிகளில் இந்த ஏற்றத்தைத் தொழில்நுட்பத்தின் சரிவு விழுங்கிவிட்டது. ஆனால், நல்ல லேசர் புரொஜெக்டர் வாங்க நினைப்பவர் டாலர் விலையைக் கவனிக்கத்தான் வேண்டும்.

கம்ப்யூட்டர் சாமானா, டி.வி. தம்பியா?

வரி விஷயத்தில் புரொஜெக்டருக்கு ஒரு விசித்திரமான வரலாறு இருக்கிறது. 1996-ல் சிங்கப்பூரில் உருவான தகவல் தொழில்நுட்ப ஒப்பந்தத்தில் 1997-ல் இந்தியாவும் சேர்ந்தது. அதன்படி கம்ப்யூட்டரோடு பயன்படும் புரொஜெக்டருக்குச் சுங்கத் தீர்வை விலக்கு. மற்ற புரொஜெக்டர்களுக்குத் தீர்வை உண்டு. அப்படியானால், எச்.டி.எம்.ஐ. துளை இருக்கும் புரொஜெக்டர் எந்த ரகம்? லேப்டாப்பையும் செருகலாம், டி.வி.டி. பிளேயரையும் செருகலாம். துறைமுகத்தில் தொடங்கிய இந்தச் சண்டை சுங்கத் தீர்ப்பாயம் வரை போனது. கல்லூரி வகுப்பறைக்குப் போகிறதா, வீட்டு ஹாலுக்குப் போகிறதா என்பதை வைத்து ஒரு பெட்டியின் விலை மாறலாம் என்றால் யாருக்குத்தான் குழப்பம் வராது?

நமக்கு நேரடியாகத் தெரிவது ஜி.எஸ்.டி.தான். 2025 செப்டம்பர் 22 முதல் புரொஜெக்டருக்கான ஜி.எஸ்.டி. 28 சதவிகிதத்திலிருந்து 18 ஆகக் குறைந்தது. வரிக்கு முந்தைய விலை 50,000 ரூபாய் என்றால், முன்பு 64,000 கொடுத்திருப்போம். இப்போது 59,000. மிச்சம் 5,000. பத்து சதவிகிதம் குறைந்துவிட்டதாகக் கடைக்காரர் சொன்னால், மொத்த விலையில் அது எட்டு சதவிகிதத்துக்கும் கொஞ்சம் குறைவுதான். ஆனால், அதே நாளில் 32 இன்ச்சுக்கு மேற்பட்ட டி.வி.க்கும் இதே சலுகை கிடைத்துவிட்டது. ஆகவே டி.வி.யோடு போட்டியில் புரொஜெக்டர் ஒரு அடிகூட முன்னேறவில்லை.

மலிவு டப்பாக்களில் இந்த வரிக் குறைப்பைத் தேடாதீர்கள். 24,999 என்று அச்சிட்டு 6,499-க்கு விற்கும் பொருளில் எது நிஜ விலை, எதிலிருந்து குறைக்கிறார்கள் என்று யார் கண்டது!

சாமிக்கண்ணு வாங்கிய புரொஜெக்டர்

இந்த இடத்தில் ஒருவரை நினைக்காமல் இருக்க முடியவில்லை. 1905-ல் திருச்சியில், டூபான் என்ற பிரெஞ்சுக்காரரிடமிருந்து படங்களோடு சேர்த்து ஒரு புரொஜெக்டரை 2,250 ரூபாய்க்கு வாங்கினார், கோவையைச் சேர்ந்த ரயில்வே ஊழியர் சாமிக்கண்ணு வின்சென்ட். அந்தக் காலத்தில் ஒரு ரயில்வே ஊழியருக்கு அது பல வருடச் சம்பளம். டென்ட் கொட்டகை போட்டு ஊர் ஊராகப் படம் காட்டினார். பிறகு கோவையில் தியேட்டரும் கட்டினார். தமிழ்நாட்டின் சினிமாக் கதையே ஓர் இறக்குமதி புரொஜெக்டரில்தான் தொடங்குகிறது. ஆனால் சாமிக்கண்ணு, ஓடும் படத்தைக் கண்ணால் பார்த்துவிட்டு வாங்கியவர். நாம் போட்டோவைப் பார்த்து வாங்குகிறோம்.

வாங்கத்தான் வேண்டுமா?

டி.வி.க்கு மாற்றாக, பகலிலும் பார்க்க என்றால் என் கருத்து: வேண்டாம். இருபதாயிரம் ரூபாய்க்குள் கிடைக்கும் 43 இன்ச் டி.வி. அதைவிட நன்றாக உழைக்கும். ராத்திரி மட்டும், விளக்கை அணைத்துவிட்டு, வாரம் ஒரு படம் பார்க்கும் வீடு என்றால், ஆன்சி லூமென்ஸ் தெளிவாகப் போட்டிருக்கும், நேட்டிவ் 1080பி பெட்டியைத் தேடுங்கள். டியூஷன் சென்டருக்கோ சங்கக் கூட்டத்துக்கோ என்றால் 3,000 லூமென்ஸுக்கு மேல் நிஜமாகத் தரும், பெயர் பெற்ற நிறுவனத்தின் ஆபீஸ் புரொஜெக்டர்தான் சரி. அதற்குச் சுமார் நாற்பதாயிரத்துக்கு மேல் ஆகும். கல்யாண மண்டபங்களில் அந்த வேலையையும் இப்போது எல்.இ.டி. சுவர்கள் பறித்துக்கொண்டு வருகின்றன.

கடையில் பார்க்கும்போது கறுப்புத் திரைபோட்ட டெமோ அறையிலேயே நின்றுவிடாதீர்கள். விளக்கைப் போடச் சொல்லுங்கள். மூஞ்சி சுளிப்பார்கள், பரவாயில்லை. மின்விசிறிச் சத்தத்தையும் கேளுங்கள். சோகக் காட்சியில் பின்னால் மிக்ஸி ஓடுவதுபோல் இருந்தால் எப்படி? லென்ஸ் பகுதி மூடி சீல் செய்யப்பட்டதா என்றும் கேட்டுவையுங்கள். நம்மூர் தூசிக்குத் திறந்த பெட்டியின் பேனலில் சில மாதங்களில் கறுப்புப் புள்ளிகள் வரும், சூட்டில் மஞ்சள் திட்டும் விழும். நெட்ஃபிளிக்ஸ் அனுமதி இல்லாத ஆண்ட்ராய்டு டப்பாவில் அந்தச் செயலி ஒழுங்காக ஓடாது, அதையும் ஓடவிட்டுப் பாருங்கள்.

பெட்டியைத் திருப்பிப் பார்ப்பது இன்னும் முக்கியம். இறக்குமதிப் பொருள் என்றால் எந்த நாட்டில் தயாரானது, இறக்குமதியாளரின் பெயர், முகவரி, மாதம், வருடம், எம்.ஆர்.பி. எல்லாம் அச்சிட்டிருக்க வேண்டும் என்பது எடையளவுச் சட்ட விதி. ஆன்லைன் பக்கத்திலும் தயாரித்த நாடு இருக்க வேண்டும். முகவரி இல்லாத பெட்டிக்கு வாரன்ட்டி என்று எத்தனை வருடம் போட்டாலும், அதை யாரிடம் போய்க் கேட்பது?

எங்கள் வீட்டு டப்பாவில் ஆறே மாதத்தில் மஞ்சள் திட்டு வந்தது. ஒரு வருட வாரன்ட்டி இருந்தது. பெட்டியில் இருந்த நம்பருக்கு அடித்தால் எடுக்க ஆளில்லை. பில்லையும் விளம்பரத்தின் ஸ்கிரீன்ஷாட்டையும் எடுத்துவைத்து, தேசிய நுகர்வோர் உதவி எண் 1915-க்குப் புகார் கொடுக்கச் சொன்னேன். அக்கா மகனே போன் செய்து பதிவு செய்தான். இரண்டு வாரம் கழித்து விற்றவரிடமிருந்து அழைப்பு வந்தது. பாதிப் பணம் தருகிறேன் என்றார். முழுசா வேணும் என்று இவன் நின்றான். கடைசியில் 5,000 வந்து சேர்ந்தது.

அடுத்த புரொஜெக்டருக்கு இப்போது சேமித்துக்கொண்டிருக்கிறான். இந்த முறை கடைக்கு அம்மாச்சியையும் கூட்டிப்போகிறானாம். டியூப் லைட்டைப் போட்டு அவர் பந்தைக் கண்டுபிடித்தால்தான் வாங்குவதாக ஏற்பாடு.