யானை வருவதற்கு முன்னால்

தமிழ்ப் படத்தின் முதல் ரீலில் நாயகனும் நாயகியும் முட்டிக்கொண்டால், இடைவேளைக்குள் காதல் வந்துவிடும் என்று முன்வரிசைச் சிறுவனுக்கும் தெரியும். ‘அரைத்த மாவு’ என்று விமர்சனம் எழுதுவார்கள். அந்த மாவைத் தமிழன் ஈராயிரம் ஆண்டாக அரைத்துவருகிறான். அகப்பொருள் மரபு அதற்கு வகைபிரித்துப் பெயரும் வைத்தது: பூத்தரு புணர்ச்சி, புனல்தரு புணர்ச்சி, களிறுதரு புணர்ச்சி. பூப் பறித்துக் கொடுத்தோ, வெள்ளத்திலிருந்து மீட்டோ, யானையிடமிருந்து காத்தோ ஒருவன் ஒருத்தியின் மனத்தில் இடம்பிடிப்பான்.

கபிலரின் குறிஞ்சிப்பாட்டில் வருவது யானை. 261 அடிப் பாட்டில் அதை அவர் அவசரமாக அழைத்து வரவில்லை. தினைப்புனத்தில் கிளி ஓட்டிய பெண்கள் அருவியில் ஆடுகிறார்கள், பாறையில் பூக்களைக் குவிக்கிறார்கள். 99 வகை என்று எண்ணிச் சொல்வது வழக்கம். வேட்டை நாய்கள் சூழ்ந்து அவர்களை மிரட்டுகின்றன. பின்னால் வந்தவன், தப்பிப்போன விலங்கைப் பற்றி விசாரிக்கிறான். பதில் இல்லை. ஒரு வார்த்தை பேசினால் குற்றமா என்று அவன் தவித்து நிற்கிறானே, பாட்டின் உயிர் அங்கேதான் இருக்கிறது. யானை அதற்குப் பிறகுதான் வருகிறது.

இன்னொன்றும் உண்டு. இதையெல்லாம் சொல்பவள் தோழி; கேட்பவள், மகளின் மெலிவுக்குக் காரணம் புரியாமல் கலங்கும் செவிலித்தாய். ஆகவே அம்பு பட்டு யானை திரும்பி ஓடியது வீரக்கதை மட்டுமல்ல. இவனுக்கே பெண் கொடுங்கள் என்னும் வழக்காடலும்கூட.

கலித்தொகையில் ஒருவன் தண்ணீர் கேட்டு வீட்டுக்கு வருகிறான். கொடுக்க வந்தவளின் கையைப் பிடிக்கிறான். அவள் அலற, தாய் ஓடி வருகிறாள். “இவருக்கு விக்கல்” என்று பெண் சமாளிக்க, தாய் அவன் முதுகைத் தடவிக் கொடுக்கிறாள்! தண்ணீர் கேட்டு வருவது யாரும் எழுதக்கூடிய காட்சி. அந்தப் பொய்யை எழுதத்தான் தேர்ந்த கை வேண்டும்.

காணாமலே மனம் கலப்பதும் பழைய சரக்கு. மன்னன் கோப்பெருஞ்சோழனும் புலவர் பிசிராந்தையாரும் அப்படித்தான் நண்பர்களானார்கள். 1996-இல் அகத்தியன் அதைக் கடிதங்களில் நடக்கும் காதலாக்கி ‘காதல் கோட்டை’ எடுத்தார். சிறந்த இயக்குநருக்கான தேசிய விருது கிடைத்தது. கடிதக் காதலைவிடப் பெரிய துணிச்சல் சென்னைக் காட்சிகளில் இருக்கிறது. நாயகன் ஆட்டோ ஓட்டுகிறான். நாயகியே அதில் ஏறுகிறாள். இருவருக்கும் அடையாளம் தெரியவில்லை. எல்லாம் தெரிந்த ரசிகன்தான் இருக்கையில் நெளிகிறான். அவள் பரிசாக அனுப்பிய உடை, ரயில் நிலையத்தில் அவள் கண்ணில் படும்வரை அந்தத் தவிப்பு ரசிகனை விடுவதில்லை.