உடம்பும் எண்ணும் – 9: கை கண்டது மட்டும்

அமெரிக்காவில் ஒரு மருத்துவமனையின் அவசர சிகிச்சைப் பிரிவு. 34 வயதுப் பெண் வயிற்றுவலி என்று வருகிறார். டாக்டர் வயிற்றை அழுத்திப் பார்க்கிறார், சி.டி. ஸ்கேன் எடுக்கச் சொல்கிறார். ஸ்கேனில் தெளிவாக ஒன்றும் தெரியவில்லை. ‘வலி கூடினால் உடனே வாருங்கள்’ என்று சொல்லி வீட்டுக்கு அனுப்பிவிடுகிறார். சார்ட்டின் கடைசி வரி இப்படி இருக்கிறது: ‘வலது கீழ் வயிற்றில் ரீபவுண்ட் டெண்டர்னஸ். குடல்வால் அழற்சி இருக்கலாம்.’

அமெரிக்க சார்ட்டுகளைப் படித்து நோய்க்கு எண் போடும் மெடிக்கல் கோடிங் வேலைக்கான பயிற்சி வகுப்பில் நான் முதலில் கொடுக்கும் மாதிரி சார்ட் இது. பி.எஸ்ஸி., பி.பார்ம்., நர்சிங் முடித்துவிட்டு வந்து உட்கார்ந்திருக்கும் பிள்ளைகளில் பாதிப் பேருக்கு மேல் கே 35.80 என்று போடுவார்கள். குடல்வால் அழற்சிக்கான கோடு அது.

“மேடம், டாக்டரே அப்பெண்டிசைடிஸ்னு எழுதியிருக்காரே?”

“இருக்கலாம்னுதானேம்மா எழுதியிருக்கார்.”

உள்ளே சேர்க்காமல் வீட்டுக்கு அனுப்பப்பட்ட இந்தப் பெண் வெளிநோயாளி. வெளிநோயாளி சார்ட்டில் ‘இருக்கலாம்’, ‘சந்தேகம்’, ‘இல்லையென்று உறுதிசெய்ய வேண்டும்’ என்றெல்லாம் டாக்டர் எழுதும் நோயை, இருப்பதாகக் கோடு செய்யக் கூடாது. இந்த எண்களின் பட்டியலான அமெரிக்காவின் ஐ.சி.டி.-10-சி.எம்.முக்குரிய வழிகாட்டு நெறிகள் இதைச் சந்தேகத்துக்கு இடமில்லாமல் சொல்கின்றன. அன்றைக்கு உறுதியாகத் தெரிந்தது எதுவோ அதுவே கோடு. இந்தப் பெண்ணுக்கு உறுதியாகத் தெரிந்தது, வலது கீழ் வயிற்றை அழுத்திய கையைச் சட்டென்று எடுத்தபோது வலி பாய்ந்தது என்பதுதான். அதற்கு ஆர் 10.823. அழுத்தும்போது மட்டும் வலித்திருந்தால் ஆர் 10.813. கையை வைக்கும்போது வரும் வலிக்கும் எடுக்கும்போது வரும் வலிக்கும் வெவ்வேறு எண். வயிற்றின் உள்சவ்வு வரை எரிச்சல் பரவியிருக்கிறதா என்ற கேள்வி அந்த ஒரு இலக்கத்தில் அடங்கியிருக்கிறது.

ஆர் என்று தொடங்கும் இந்த அத்தியாயம் முழுவதும் அறிகுறிகளுக்கும் பரிசோதனையில் தெரியவரும் மாறுதல்களுக்கும் உரியது. புதிதாக வருபவர்களுக்கு இதன்மேல் மரியாதை குறைவு. நோயின் பெயரைப் பிடிக்கத் தெரியாதவர் போடுவது ஆர் கோடு என்று ஓர் எண்ணம். எனக்கு அதில் கடுமையான மறுப்பு உண்டு. வராத நோயை ஒரு நோயாளியின் கணக்கில் ஏற்றினால் அது இன்சூரன்ஸ் கோப்புக்குப் போகிறது. அவரை அடுத்து பார்க்கும் டாக்டர் கண்ணிலும் படக்கூடும். இந்த எண்களுக்கெல்லாம் மூலமாக, 1893-இல் பெர்த்தியோன் என்ற பிரெஞ்சுப் புள்ளியியலாளர் தொகுத்த பட்டியல் சாவுக்கான காரணங்களைத்தான் வகைப்படுத்தியது. 1948-இல் உலக சுகாதார நிறுவனம் கொண்டுவந்த ஆறாம் திருத்தத்தில்தான் உயிரோடிருப்பவர்களின் நோய்களும் முறையாகச் சேர்ந்தன. உயிரோடிருப்பவருக்கு என்னவென்று இன்னும் தெரியாத நாட்களும் இருக்குமல்லவா? அந்த நாட்களுக்கான இடம் இந்த அத்தியாயம்.

வயிற்றைத் தொப்புளில் வெட்டிக்கொள்ளும் இரண்டு கோடுகளால் நான்காகப் பிரிப்பது டாக்டர்களின் வழக்கம். வலது மேல் 1, இடது மேல் 2, வலது கீழ் 3, இடது கீழ் 4, தொப்புளைச் சுற்றி 5, மேல்வயிற்றின் நடு 6, வயிறு முழுக்க 7. டெண்டர்னஸ், விறைப்பு, கட்டி மூன்றுக்கும் கடைசி இலக்கம் இதே வரிசைதான். வலது கீழே கட்டி தட்டுப்பட்டால் ஆர் 19.03, அங்கேயே வயிறு விறைத்திருந்தால் ஆர் 19.33. ஒருமுறை மனதில் பதிந்துவிட்டால் கை தானாக ஓடும். அப்படி ஓடும்போதுதான் சறுக்கும். வெறும் வலியைச் சொல்லும் ஆர் 10.3 குடும்பத்தில் வலது கீழ் 1. அங்கே 3 என்றால் தொப்புளைச் சுற்றி.

விறைப்பில் இன்னொரு சிக்கல். வயிறு பலகைபோல இறுகியிருக்கிறது, கூடவே தாங்க முடியாத வலியும் இருக்கிறது என்றால் ஆர் 19.3 பக்கமே போகக் கூடாது. அது ஆர் 10.0, ‘அக்யூட் அப்டமன்’. ஆபரேஷன் தியேட்டரைத் தயார் செய்ய வேண்டியிருக்கலாம் என்று சர்ஜன் நினைக்கும் வயிறு அது. ஒரே வாக்கியத்தில் வலியைப் பற்றிய பாதியைப் படிக்காமல் விட்டால் கோடு மாறிப்போகும்.

எனக்கு மிகவும் பிடித்த பகுதி உப்பிய வயிறு. பார்வைக்கு எல்லாம் ஒன்றுதான். காற்று என்றால் ஆர் 14.0. நீர் கோத்திருந்தால் பொதுவாக ஆர் 18.8. கட்டி என்றால் ஆர் 19.0 வரிசை. பிரித்துச் சொல்வது டாக்டரின் விரல். காற்று நிறைந்த இடத்தில் தட்டினால் மேளச் சத்தம். நீர் என்றால் மந்தமான சத்தம், நோயாளியைப் பக்கவாட்டில் திருப்பிப் படுக்கவைத்தால் அந்த மந்தமும் இடம் மாறும். 1761-இல் வியன்னாவில் இந்தத் தட்டிப் பார்க்கும் முறையை நெஞ்சுக்காக எழுதிவைத்தவர் அவுயன்புருக்கர் என்ற டாக்டர். வயிற்றில் கோத்த நீர் குடிப்பழக்கத்தால் வந்த சிரோசிஸோடு சேர்ந்தது என்று டாக்டர் எழுதிவிட்டால் ஆர் 18.8-க்கு வேலையில்லை, கே 70.31 என்ற ஒற்றை எண்ணிலேயே ஈரல் நோயும் நீரும் சேர்ந்துவிடுகின்றன.

சென்னையிலும் கோவையிலும் திருச்சியிலும் இந்த சார்ட்டுகளைப் படிக்கும் நம் பிள்ளைகள் அந்த நோயாளியின் முகத்தைப் பார்க்கப் போவதில்லை. ஆனாலும் ஸ்கேனுக்கு இன்சூரன்ஸ் பணம் கொடுக்குமா என்பது பெரும்பாலும் அவர்கள் போடும் எண்ணைப் பொறுத்தது. ரீபவுண்ட் என்று டாக்டர் எழுதியிருக்க, அவசரத்தில் ஆர் 10.9, ‘வயிற்றுவலி, விவரமில்லை’ என்று போட்டால், இந்த ஸ்கேன் எதற்கு என்ற கேள்வியோடு கிளெய்ம் திரும்பி வரலாம். பில் அந்தப் பெண்ணின் வீட்டுக்கே போய்ச் சேரவும் கூடும்.

இதே பெண்ணை உள்நோயாளியாகச் சேர்த்து, டிஸ்சார்ஜ் அன்றும் ‘குடல்வால் அழற்சி இருக்கலாம்’ என்றே டாக்டர் எழுதினால், விதி தலைகீழாகிறது. அப்போது நோய் இருப்பதாகவே கோடு செய்ய வேண்டும், கே 35.80 சரியாகிவிடும். சந்தேகம் இருந்தாலும் அந்த நோய்க்கு உரிய பரிசோதனையும் சிகிச்சையும் நடந்துவிட்டன, செலவும் ஆகிவிட்டது என்பது இதற்குச் சொல்லும் நியாயம். ஆஸ்பத்திரிக் கணக்குக்கு அது சரியாக இருக்கலாம். நோயாளியின் பக்கம் நின்று பார்த்தால் என் மனம் ஒப்பவில்லை. எச்.ஐ.வி. போன்ற சில நோய்களுக்கு மட்டும் உள்நோயாளியானாலும் உறுதியானால்தான் கோடு என்று விதிவிலக்கு வைத்திருக்கிறார்கள். தவறான ஒரு எண் மனிதரை எப்படிப் பாதிக்கும் என்று விதி எழுதியவர்களுக்கே தெரிந்திருக்கிறது.

சில சார்ட்டுகளில் ‘வயிறு: இயல்பில் இல்லை’ என்ற ஒரே வரிதான் இருக்கும். ப்ரொடக்‌ஷன் டார்கெட் கழுத்தை நெரிக்கும் நேரத்தில் விவரமில்லாத கோடைப் போட்டு அடுத்த சார்ட்டுக்குப் போய்விடத் தோன்றும். டாக்டருக்குக் குவெரி அனுப்புங்கள் என்பேன். அதிலும் ‘வலது கீழ்ப்பக்கம்தானே?’ என்று நாமே பதிலை எடுத்துக் கொடுக்கக் கூடாது. ‘பரிசோதனையில் என்ன கண்டீர்கள், எந்த இடத்தில்?’ அவ்வளவுதான் கேட்கலாம்.

(தொடரும்)