இர்விங் பெர்லின்: செவிவழிக் கற்ற மொழி

பிறமொழியைத் தாய்மொழியாகக் கொண்ட ஒருவர், தாம் குடியேறிய நாட்டின் மக்கள் தம் பாடலென்றே கொள்ளும் பாடலை அந்நாட்டு மொழியில் இயற்றல் இயலுமா? அமெரிக்கப் பாடலாசிரியர் இர்விங் பெர்லினின் (1888–1989) வாழ்வில் இதற்கு விடை காண்போம்.

இவர் ரஷ்யப் பேரரசில் யூதக் குடும்பத்தில் பிறந்தார். இயற்பெயர் இஸ்ரேல் பெய்லின். குடும்பம் 1893இல் நியூயார்க்கில் குடியேறியது. வீட்டுமொழி இத்திஷ். 1901இல் தந்தை மறைந்தார், பள்ளிப்படிப்பு நின்றது. தெருக்களிலும் மதுக்கூடங்களிலும் பாடிப் பிழைத்தார். பின்னர் சைனாடவுன் உணவகமொன்றில் பாடிக்கொண்டே பரிமாறும் பணியாளரானார். 1907இல் அச்சேறிய முதற்பாடல் அவருக்கு ஈட்டித் தந்தது 37 சென்ட். அதன் அட்டையில் 'பெர்லின்' என அச்சான பெயரே நிலைத்தது.

அவருக்கு இசைக்குறிப்பு எழுதத் தெரியாது. பியானோவில் பெரும்பாலும் கறுப்புக் கட்டைகளையே வாசித்தார். சுருதியை மாற்ற நெம்புகோல் பொருத்திய பியானோவைப் பயன்படுத்தினார், உதவியாளர் குறிப்பெடுத்தார். இசையைப் போலவே ஆங்கிலத்தையும் அவர் செவிவழியே கற்றார்.

இங்கு மொழியியல் நுட்பம் ஒன்றுண்டு. தமிழ் யாப்பு குறில், நெடில் என்னும் ஒலியளவைச் சார்ந்தது. ஆங்கில யாப்போ அசையழுத்தத்தைச் சார்ந்தது. பேச்சில் அழுத்தம் பெறும் அசை, தாளத்தின் அழுத்தமான இடத்தில் அமையுமாயின் பாடல் பேச்சைப்போல் இயல்பாக ஒலிக்கும். பெர்லின் அன்றாடச் சொற்களையே எடுத்து இப்பொருத்தத்தைக் கண்டார். 1911இல் புகழ்பெற்ற 'அலெக்சாண்டர்ஸ் ராக்டைம் பேண்ட்' முதல், 1942இல் வெளிவந்து ஆஸ்கர் விருது பெற்ற 'ஒய்ட் கிறிஸ்மஸ்' வரை இதனைக் காணலாம்.

'காட் பிளெஸ் அமெரிக்கா' தனிக்கவனத்திற்கு உரியது. 1918இல் படைவீரராக இருந்தபோது எழுதி ஒதுக்கிய அப்பாடலை 1938இல் திருத்தினார். கேட் ஸ்மித் அதனை வானொலியில் பாடினார். அத்தொடர் குடியேறிய தம் தாயின் வாயில் அவர் கேட்டுப் பழகியது என்பர். நாடெங்கும் அது பரவியபோது, குடியேறிய யூதர் எழுதியதென்று சிலர் எதிர்த்தனர். பெர்லினோ அதன் உரிமைத்தொகையைச் சாரணர் இயக்கங்களுக்கு அளித்தார். எதிர்ப்பு ஓய்ந்தது, பாடல் இன்றும் பாடப்படுகிறது.

வகுப்பில் வேறு வீட்டுமொழியுடன் வரும் மாணவரை நாம் குறையுடையவராகக் கருதிவிடுகிறோம். அவர் எழுதும் பிழைகளை எண்ணுமுன், அம்மொழி பேசப்படுவதைக் கேட்க அவருக்கு எத்துணை வாய்ப்பளித்தோம் என்று நம்மை நாமே வினவுவோமாக.