ஒரே ஒரு ஆங்கிலப் பாட்டு... யூரோவிஷனில் வந்தது புது விதி! யார் இந்த ஸ்வீடன் பாடகர் இங்வார் விக்செல்?

யூரோவிஷன் பாட்டுப் போட்டியில் 1965-ல் ஸ்வீடனுக்குக் கிடைத்தது 10வது இடம். 10வதாக வந்த பாட்டை யார் ஞாபகம் வைத்திருக்கப் போகிறார்கள்? ஆனால், அந்தப் பாட்டு வந்த அடுத்த வருடமே போட்டியில் ஒரு புது விதி வந்துவிட்டது. இத்தனைக்கும் அதைப் பாடியவர் பாப் பாடகரே இல்லை. ஸ்டாக்ஹோம் ராயல் ஓபராவில் பாடிக்கொண்டிருந்த 33 வயது ஓபரா கலைஞர். பெயர் இங்வார் விக்செல்.

ஓபரா பாடகருக்கு அந்தப் போட்டியில் என்ன வேலை? ஒரு பாட்டுக்காக ஏன் விதி வந்தது? அதன் பிறகு அவர் என்ன ஆனார்? ஒவ்வொன்றாகப் பார்க்கலாம்.

யார் இந்த விக்செல்?

ஸ்வீடனின் வட கோடியில், ஆர்க்டிக் வட்டத்துக்குச் சற்றுத் தெற்கே இருக்கும் துறைமுக நகரம் லூலியோ. அங்கே 1931 மே 7-ம் தேதி பிறந்தவர் விக்செல். 1955-ல் ஸ்டாக்ஹோம் ராயல் ஓபராவில் அறிமுகம். மொசார்ட்டின் 'மாயப் புல்லாங்குழல்' ஓபராவில் பறவை பிடிக்கும் பாப்பாகேனோ வேடம். கலகலப்பான, ரசிகர்கள் உடனே ஒட்டிக்கொள்ளும் வேடம் அது.

ஓபரா என்பது வசனத்தையும் பாட்டாகவே பாடி நடிக்கும் மேடை நாடகம். அதில் யாருக்கு எந்த வேடம் என்பதைப் பெரும்பாலும் குரல்தான் முடிவு செய்யும். விக்செலின் குரல் 'பாரிடோன்' வகை.

அது என்ன பாரிடோன்?

ஆண் குரல்களை ஓபராவில் பொதுவாக மூன்றாகப் பிரிப்பார்கள். மேல் ஸ்தாயியில் பாடுவது டெனர். அடி ஸ்தாயியில் பாடுவது பாஸ். இரண்டுக்கும் நடுவில் இருப்பது பாரிடோன். கணக்காகச் சொன்னால், சுமார் 100 ஹெர்ட்ஸ் முதல் 400 ஹெர்ட்ஸ் வரை.

பல ஓபராக்களில், குறிப்பாக 19-ம் நூற்றாண்டு இத்தாலிய ஓபராக்களில், காதலிக்கும் ஹீரோ டெனர். அவருக்குக் குறுக்கே நிற்கும் அப்பா, போட்டியாளர், வில்லன், தளபதி எல்லாம் பாரிடோன். கைதட்டல் டெனருக்குப் போகும். நாடகத்தின் மனப்போராட்டம் பல நேரம் பாரிடோன் தலையில்தான் விழும். பாட்டோடு சேர்ந்து நல்ல நடிப்பும் வேண்டும். விக்செல் பேர் வாங்கியது இந்த இடத்தில்தான்.

மைக் இல்லாமல் எப்படிக் கேட்கிறது?

ஓபரா அரங்கில் பாடகருக்கு மைக் கிடையாது. முன்னால் பெரிய வாத்தியக் குழு. எதிரே ஆயிரம், இரண்டாயிரம் பேர். கடைசி வரிசைக்கு எப்படிக் குரல் போகிறது?

இதற்கு அறிவியல் விளக்கம் கொடுத்தவரும் ஒரு ஸ்வீடன்காரர்தான். ஸ்டாக்ஹோமில் உள்ள ராயல் தொழில்நுட்பக் கல்வி நிறுவனத்தின் ஆய்வாளர் யோஹன் சுண்ட்பெரி, 1970-களில் ஓபரா பாடகர்களின் குரலை அலசினார். வாத்தியக் குழுவின் ஒலி சுமார் 500 ஹெர்ட்ஸ் பக்கம் உச்சத்தில் இருக்கும். அதற்கு மேலே போகப் போக பலம் குறையும். பயிற்சி பெற்ற பாடகர் குரல்வளையைக் கீழே இறக்கிப் பாடும்போது, 2,500 முதல் 3,000 ஹெர்ட்ஸ் பகுதியில் குரலுக்குத் தனி பலம் சேர்கிறது. அந்தப் பகுதியில் வாத்திய ஒலி கம்மி. நம் காதும் அங்கே கூர்மையாகக் கேட்கும். கத்தாமலே குரல் தனியாகத் தெரிவதன் ரகசியம் இதுதான்.

இந்தப் பயிற்சிக்குப் பல வருடம் ஆகும். அப்படிப் பழகிய குரலோடுதான் விக்செல் டிவி பாட்டுப் போட்டிக்குப் போனார்.

யூரோவிஷனுக்குப் போனது எப்படி?

1965-ல் ஸ்வீடன் தனது தேர்வுப் போட்டியில் வித்தியாசமான ஒரு முறையைக் கையாண்டது. போட்டி பாட்டுகளுக்கு மட்டும்தான், பாடகர்களுக்கு இல்லை. எல்லாப் பாட்டையும் பாடியவர் விக்செல் ஒருவரே! எந்தப் பாட்டு ஜெயித்தாலும் யூரோவிஷன் போவது அவர்தான்.

ஜெயித்தது ஒரு வால்ட்ஸ் மெட்டு. இசையமைத்தவர் டாக் வீரேன். இவரும் பாப் ஆள் இல்லை, செவ்வியல் இசை உலகில் மதிக்கப்பட்டவர். வரிகளை எழுதியவர் ஆல்ஃப் ஹென்ரிக்சன். தேர்வுப் போட்டியில் பாடியது ஸ்வீடிஷ் மொழியில். ஆனால், மார்ச் 20-ம் தேதி இத்தாலியின் நேப்பிள்ஸ் நகரில் நடந்த இறுதிப் போட்டிக்கு வந்தபோது அதே பாட்டு 'ஆப்சென்ட் ஃப்ரெண்ட்' என்ற தலைப்போடு முழுக்க ஆங்கிலத்துக்கு மாறியிருந்தது.

18 நாடுகள் கலந்துகொண்ட போட்டி அது. லக்சம்பர்க் சார்பில் பாடிய 17 வயது பிரெஞ்சுப் பெண் ஃப்ரான்ஸ் கால், துள்ளலான பாப் பாட்டோடு ஜெயித்தார். விக்செலின் அமைதியான வால்ட்ஸ் 10வது இடம்.

ஆங்கிலத்தில் பாடினால் என்ன தப்பு?

அன்றைய விதிப்படி எந்தத் தப்பும் இல்லை. அதுவரை யாரும் அப்படி முழுப் பாட்டையும் வேறு நாட்டு மொழியில் பாடியதில்லை, அவ்வளவுதான். ஸ்வீடன்தான் முதல்.

ஆனால் கேள்வி கிளம்பியது. ஒரு நாட்டின் பெயரில் மேடை ஏறுபவர் அந்த நாட்டு மொழியை விடலாமா? அதிகம் பேருக்குப் புரியும் என்பதற்காக எல்லோரும் ஆங்கிலத்துக்குப் போனால், சின்ன மொழிகள் எங்கே போகும்? 1966-ல் விதி வந்தது. இனி அவரவர் நாட்டு மொழியில்தான் பாட வேண்டும். இதற்குக் காரணமாக இன்றுவரை சுட்டப்படுவது விக்செல் பாடிய அந்தப் பாட்டுதான்.

இதில் ஒரு வேடிக்கை உண்டு. ஓபராவில் விக்செல் இத்தாலிய மொழியில் பாடுவார், ஜெர்மனில் பாடுவார். 'உன் தாய்மொழியில் ஏன் பாடவில்லை' என்று யாரும் கேட்கவில்லை. ஓபராவில் அவர் ஒரு கதாபாத்திரத்தின் குரல். யூரோவிஷனில் அவர் ஒரு நாட்டின் குரல். அதே தொண்டைதான், ஆனால் யார் சார்பில் பாடுகிறோம் என்பதில்தான் வித்தியாசம்.

அந்த விதி என்ன ஆனது?

விதி வந்த 1966-லேயே ஸ்வீடன், ஸ்வீடிஷ் மொழியில் பாடி 2வது இடம் பிடித்தது. 'பார்த்தீர்களா, சொந்த மொழியிலும் முடியும்' என்று சொல்ல வசதியான உதாரணம்.

ஆனால் 1973-ல் விதி தளர்ந்தது. 1974-ல் ஸ்வீடனின் அப்பா குழு 'வாட்டர்லூ' பாட்டை ஆங்கிலத்தில் பாடி ஜெயித்தது. அந்த நாட்டுக்கு முதல் யூரோவிஷன் வெற்றி அதுதான். 1977-ல் விதி திரும்ப வந்தது. 1990-களில் அயர்லாந்து நான்கு முறை, பிரிட்டன் ஒரு முறை என ஆங்கிலம் பேசும் நாடுகளே அடுத்தடுத்து ஜெயித்தபோது, விதியே அவர்களுக்குச் சாதகமாகிவிட்டது என்ற புகார் பலமானது. 1999-ல் விதி நீக்கப்பட்டது. அந்த வருடம் ஜெயித்ததும் ஆங்கிலத்தில் பாடிய ஸ்வீடன்தான்!

மொழியைக் காப்பாற்ற வந்த விதி, கடைசியில் ஆங்கில நாடுகளுக்கு மட்டும் ஆங்கிலத்தைக் கொடுத்தது. விதியை எடுத்த பிறகு பெரும்பாலான நாடுகள் ஆங்கிலத்துக்குத் தாவின. இரண்டு பக்கமும் இழப்பு இருக்கிறது. அதனால்தான் இந்த விவாதம் இன்னும் ஓயவில்லை.

விக்செல் அப்புறம் என்ன செய்தார்?

பாப் பக்கம் போகவில்லை. 1967-ல் பெர்லினின் டாய்ச்ச ஓபரா அரங்கில் சேர்ந்தார். நகரத்தைச் சுவர் பிரித்திருந்த காலம் அது. அந்த அரங்கு இருந்தது மேற்கு பெர்லினில். அதுவே பல வருடங்களுக்கு அவரது தாய்வீடு ஆனது.

அதே 1967-ல் சான் ஃபிரான்சிஸ்கோவில் அமெரிக்க அறிமுகம். 1973-ல் நியூயார்க்கின் மெட்ரோபாலிட்டன் ஓபரா. அங்கே அவர் முதலில் ஏற்ற வேடம் 'ரிகொலெட்டோ'. இத்தாலிய மேதை வெர்டி எழுதி, 1851-ல் வெனிஸில் அரங்கேறிய இந்த ஓபராவின் தலைப்புப் பாத்திரம், பாரிடோன்களுக்குப் பெரிய பரீட்சை.

கதை இதுதான். ரிகொலெட்டோ அரசவைக் கோமாளி, கூன் விழுந்தவர். ராஜா ஸ்தானத்தில் இருக்கும் டியூக், ஊர்ப் பெண்களைச் சீரழிப்பவர். மகளைப் பறிகொடுத்த மான்டெரோன் என்ற அப்பா அவைக்கு வந்து கதறுகிறார். ரிகொலெட்டோ அவரைக் கிண்டல் செய்கிறார். மான்டெரோன் சாபம் விடுகிறார். அந்தச் சாபம் ரிகொலெட்டோவின் சொந்த மகள் மேலேயே வந்து விழுகிறது.

சாபம் விட்டவரும் அவரே, வாங்கியவரும் அவரே!

1982-ல் இயக்குநர் ஜான் பியேர் போனெல் இந்த ஓபராவைப் படமாக எடுத்தார். கதை நடக்கும் இத்தாலியின் மான்டுவா நகரிலேயே படப்பிடிப்பு நடந்தது. டியூக்காக லூச்சானோ பவரோட்டி. மகளாக எடிட்டா க்ரூபெரோவா. இசையை நடத்தியவர் ரிக்கார்டோ ஷாயி. ரிகொலெட்டோவாக விக்செல்.

மான்டெரோன்? அதுவும் விக்செல்தான். வழக்கமாக இரண்டு பேர் பாடும் வேடங்கள் இவை. இரண்டையும் ஒரே ஆள் செய்ததில் கதைக்கே புது அர்த்தம் கிடைத்தது. மகளை இழந்த ஒரு அப்பாவைப் பார்த்துச் சிரிக்கும் ரிகொலெட்டோ, உண்மையில் நாளைய தன்னையே பார்த்துச் சிரிக்கிறார். அந்த முகமும் அவர் முகம், அந்தக் குரலும் அவர் குரல்.

எதைக் கேட்டுத் தொடங்கலாம்?

விக்செல் 2011 அக்டோபர் 8-ம் தேதி, தெற்கு ஸ்வீடனின் மால்மோ நகரில் 80-வது வயதில் காலமானார். மேடையில் அவர் இருந்தது ஏறத்தாழ அரை நூற்றாண்டு. நல்லவேளையாகப் பதிவுகள் நிறைய இருக்கின்றன.

ஓபராவே கேட்டதில்லை என்பவர்கள் 'ரிகொலெட்டோ' படத்திலிருந்து தொடங்கலாம். சப்டைட்டிலோடு பார்த்தால் கதை பிடிபடும். வில்லத்தனம் வேண்டுமா? 1976-ல் காலின் டேவிஸ் நடத்திய 'டோஸ்கா' பதிவில், கொடூரப் போலீஸ் தலைவர் ஸ்கார்ப்பியாவாக அவரைக் கேட்கலாம். காதல் மன்னன் வேடத்துக்கு, அதே டேவிஸ் 1973-ல் பதிவு செய்த 'டான் ஜொவான்னி' இருக்கிறது.

கடைசியாக 1965-ன் அந்த மூன்று நிமிடப் பாட்டையும் தேடிக் கேளுங்கள். ஐரோப்பாவையே சண்டை போட வைத்த பாட்டா இது என்று தோன்றும். அவ்வளவு மென்மையான பாட்டு அது.