அம்மா வேடத்திற்கு அப்பால்

பெங்களூரு லிங்கராஜபுரத்தில் வாழும் தமிழ்க் குடும்பங்களின் மூத்தோர் பலருக்கு ‘மால்குடி டேஸ்’ தொடர் இன்னும் நினைவில் இருக்கும். 1980களின் பின்பாதியில் தூர்தர்ஷனில் ஒளிபரப்பான அத்தொடரை, ஆர்.கே. நாராயணின் கதைகளைக் கொண்டு சங்கர் நாக் இயக்கினார், எல். வைத்தியநாதன் இசையமைத்தார். மலைநாட்டு ஆகும்பே, மால்குடியாக மாறியது. சிறுவன் சுவாமியாக மாஸ்டர் மஞ்சுநாத்தும், கண்டிப்பு மிக்க தந்தையாக கிரீஷ் கர்னாடும் நடித்தனர். அவ்விருவருக்கும் நடுவே நின்ற தாயை நினைவிருக்கிறதா? அவர்தாம் வைசாலி காசரவள்ளி.

துணை நடிகரின் தொழில் நிலையற்றது. முகம் வீடுதோறும் அறிமுகமாகியிருக்கும். ஆயினும் படப்பிடிப்புக்கு அழைக்கப்படும் நாளுக்கே ஊதியம். கதையின் போக்கு மாறினால், நேற்றுவரை இருந்த பாத்திரம் இன்று வெளியூர் சென்றுவிடும். வருமானமும் உடன் சென்றுவிடும். மாதச் சம்பளமோ ஓய்வூதியமோ இத்தொழிலில் இல்லை.

1952இல் பிறந்த வைசாலி, நாடக மேடையிலும் கன்னடத் திரையிலும் நடித்தவர். இயக்குநர் கிரீஷ் காசரவள்ளியின் துணைவியார். நடிப்போடு அவர் நின்றுவிடவில்லை. 1997ஆம் ஆண்டுத் திரைப்படமான ‘தாயி சாஹேபா’வுக்கு ஆடை வடிவமைத்து, அதற்கெனத் தேசிய விருது பெற்றார். பின்னர் ‘மூடல மனெ’, ‘முத்தின தோரண’ ஆகிய கன்னடத் தொடர்களை இயக்கினார். பிறர் அழைப்புக்காகக் காத்திருக்கும் நடிகர் என்ற நிலையிலிருந்து, பல நடிகர்களுக்கு வேலை தரும் இயக்குநராக உயர்ந்தார். 2010 செப்டம்பர் 27 அன்று பெங்களூருவில் காலமானபோது அவருக்கு வயது 58.

கலையார்வமே வழிநடத்திய பயணம் இது. எனினும், ஒப்பந்தப் பணியாளர், தையற்கலைஞர், வாடகைக் கார் ஓட்டுநர் என நிலையான மாத வருமானம் இல்லாத நம் வாடிக்கையாளர்கள் இதிலிருந்து ஒன்றைக் கற்கலாம். கைவசம் இருக்கும் தொழிலை ஒட்டியே இரண்டாவது தொழிலைப் பயில்வது ஒரு காப்பு. வேலை மிகுந்த மாதங்களில் வரும் பணத்தில் ஒரு பகுதியை வைப்புநிதியில் ஒதுக்கி, வேலை இல்லாத மாதங்களுக்கென வைத்திருப்பது மற்றொரு காப்பு. முதலாவது நம் கைகளில் இருக்கிறது. இரண்டாவது கணக்கேட்டில் சேர்கிறது. இரண்டும் சேர்ந்திருக்கும் இல்லத்தில், அடுத்த அழைப்பு தாமதமானாலும் அடுப்பு அணையாது.