திறவுகோல் யார் கையில்?

விலைக்கு வாங்கிய சோழவந்தான் வெற்றிலையை எந்தச் செல்லத்திலும் வைத்துக்கொள்ளலாம். வாங்கிய விளையாட்டை மட்டும் வேறு பொறியில் ஆடலாகாதோ? என் பேரன் எழுப்பிய வினா இது.

நின்டெண்டோ நிறுவனம் 2017-இல் வெளியிட்ட ஸ்விட்ச் என்னும் கையடக்கப் பொறிக்குரிய ஆட்டங்கள் மறைமொழியில் பதிந்துள்ளன. அதனை விடுவிக்கும் சாவி, ஓர் எண்ணேயாகும். 128 இரும இலக்கங்கள் கொண்ட அவ்வெண், நம் பதின்ம முறையில் 39 இலக்கம் வரை நீளும், ஊகித்தறிதல் இயலாது. அது பொறிக்குள்ளேயே மறைந்திருக்கிறது.

கணினியை அப்பொறிபோல நடிக்கச் செய்யும் மென்பொருளே எமுலேட்டர். நடிப்பு அதனுடையது, சாவியோ ஆடுவோர் கொணர வேண்டியது. யூசு என்னும் எமுலேட்டர் அவ்வாறே அமைந்திருந்தது. ஆயினும், பூட்டை மீறுவதற்கே அது துணைபுரிகிறது என்று 2024 பிப்ரவரியில் நின்டெண்டோ அமெரிக்காவில் வழக்குத் தொடுத்தது. மார்ச்சு மாதத் தொடக்கத்திலேயே 24 லட்சம் டாலர் தர இசைந்து, யூசு குழுவினர் தம் பணியை நிறுத்தினர்.

நம் பதிப்புரிமைச் சட்டத்தில் 2012-இல் சேர்க்கப்பெற்ற 65அ பிரிவு, உரிமையை மீறும் நோக்கத்துடன் இத்தகைய பூட்டைக் கடப்போர்க்கு ஈராண்டு வரை சிறையும் அபராதமும் விதிக்கிறது. ‘நோக்கத்துடன்’ என்னும் சொல்லே இங்கு உயிர்நிலை. பொறிகள் பழுதுற்றபின், சாவியில்லாதவனிடம் அவன் வாங்கிய ஆட்டமும் வாய் திறவாது. களவு வேறு, காத்தல் வேறு அன்றோ?