விளையாட்டும் வீதியும் – 9: பிரிக்ஃபீல்ட்ஸ் நடைபாதையில் ஒரு பவளம்

கைப்பேசியோடு வீதியில் நடந்து கற்பனை உயிர்களைப் பிடிக்கும் போக்கிமான் கோவை ஐரோப்பாவில் விளையாடுகிற ஒருவர், கோர்சோலாவை நேரடியாகப் பிடிக்க வேண்டுமென்றால் விமானம் ஏற வேண்டும். இளஞ்சிவப்பு உடலில் கிளைகிளையாகப் பவளம் முளைத்த சின்ன உயிர் அது. 2017 பிப்ரவரியில் இரண்டாம் தலைமுறை உயிர்களை விளையாட்டுக்குள் விட்டபோது, வெப்ப நாடுகளில் மட்டும் கிடைக்கும்படி அதை வைத்தார்கள். மலேசியாவில் நமக்கோ அது துன் சம்பந்தன் சாலையிலும் கிள்ளான் தெங்கு கிளானா சாலையிலும் தட்டுப்படுகிற சாதாரண உயிர். பிடித்துப் பிடித்துச் சலித்து, மொத்தமாக விளையாட்டில் வரும் பேராசிரியருக்கு அனுப்பிவிட்டு, பதிலுக்கு மிட்டாய் வாங்கிக்கொள்கிறோம்.

நம் ஏக்கமெல்லாம் வேறு பக்கம். ஆஸ்திரேலியாவுக்கு எழுதிவைத்த கங்காஸ்கான் மீது, வட அமெரிக்காவின் டாரஸ் மீது, ஜப்பான், கொரியா, தைவான் பக்கம் திரியும் ஃபார்ஃபெட்ச்ட் மீது. அங்கே உள்ளவர்கள் அவற்றைத்தான் மிட்டாய்க்கு மாற்றிக்கொண்டிருக்கிறார்கள். ஆக, ‘அரியது’ என்பது அந்த உயிரோடு பிறந்த குணமில்லை. யாரோ திட்டமிட்டுப் போட்ட பூட்டு. இந்த விளையாட்டில் அப்படி மூன்று பூட்டுகள் உண்டு: எண், இடம், நேரம்.

முதலில் எண்.

போக்கிமானைப் படைத்த சதோஷி தஜிரி, தோக்கியோவை ஒட்டிய மச்சிதாவில் பூச்சி பிடித்துத் திரிந்த சிறுவன். ஊர் வளர்ந்து வயலும் குளமும் கட்டடங்களுக்கு அடியில் போனபின், அந்தத் தேடலின் கிளர்ச்சியைக் கையடக்க விளையாட்டுக் கருவிக்குள் கொண்டுவந்தார். 1996 பிப்ரவரி 27 அன்று ஜப்பானில் முதல் இரண்டு விளையாட்டுகள் வெளியாயின. கணக்கில் 150 உயிர்கள். நிரலாளர் ஷிகெகி மொரிமோத்தோ கடைசி நேரத்தில் எஞ்சியிருந்த சிறு இடத்தில் 151ஆவதாக மியூவை ஒளித்துவைத்தார். சேதி கசிந்தது. சிறுவர் இதழ் ஒன்று 20 பேருக்கு மட்டும் மியூ தருவதாகப் போட்டி அறிவித்தது. சுமார் 78,000 விண்ணப்பங்கள் குவிந்தன. எளிதில் கிடைக்காத ஒன்றுதான் விளையாட்டை விற்கும் என்பதை நிறுவனம் அன்றே கற்றுக்கொண்டது.

1999இல் ‘ஷைனி’ வந்தது. அதே உயிர், வேறு நிறம். சண்டையில் கூடுதல் பலம் எதுவும் கிடையாது. 8,192இல் ஒன்று என்ற வாய்ப்பு, 2013இல் 4,096இல் ஒன்றானது. இங்கே பலர் கணக்கில் சறுக்குகிறார்கள். 4,096 முறை பார்த்துவிட்டால் ஒன்று கட்டாயம் வரும் என்று நினைப்பார்கள். உண்மையில் அத்தனை முறை பார்த்தபிறகும் ஒன்றாவது வந்திருக்கும் வாய்ப்பு சுமார் 63 சதவீதம்தான். நேற்று வராததை இன்று ஈடுகட்ட வேண்டும் என்ற கடமை எண்ணுக்குக் கிடையாது. போக்கிமான் கோவில் இன்னொரு வேடிக்கை: பக்கத்துப் பக்கத்தில் நிற்கும் இருவர் ஒரே உயிரைத் தொட்டாலும், ஒருவர் திரையில் அது ஷைனியாகவும் மற்றவர் திரையில் வழக்கமான நிறத்திலும் வரும். அண்ணன் தம்பிச் சண்டைக்கு இது போதும்.

ஷைனி வருவது நம் கையில் இல்லை. வந்ததைப் பிடிப்பது பாதி நம் கையில்தான் இருக்கிறது. ரெய்டில் பலர் சேர்ந்து அடித்து வீழ்த்தும் பெரிய உயிர்கள் பலவற்றுக்கு அடிப்படைப் பிடி வீதம் 2 சதவீதம் என்று விளையாட்டாளர்கள் நிரலைத் துருவிக் கண்டிருக்கிறார்கள். பெர்ரி கொடுக்காமல், பந்தைச் சுழற்றாமல், நேராக எறிந்தால் ஒரு வீச்சுக்கு 2 சதவீதம்கூடத் தேறாது. தங்கப் பெர்ரி இரண்டரை மடங்கு கூட்டும். சுழல்பந்து 1.7 மடங்கு. சிறிய வட்டத்துக்குள் விழும் ‘எக்ஸலன்ட்’ வீச்சு ஏறத்தாழ 1.85 மடங்கு. மூன்றும் சேர்ந்தால் ஒரு வீச்சுக்கு 12 சதவீதத்தைத் தொடலாம். இப்படிப் பத்துப் பந்தும் பிசகாமல் விழுந்தால் நான்கில் மூன்று தடவை அது உங்களுடையது.

கைப்பழக்கம் உள்ளவர்கள் செய்வது இதுதான்: பந்தை அழுத்திப் பிடித்து வட்டம் சுருங்கியதும் விட்டுவிடுவார்கள்; வட்டம் அந்த அளவிலேயே நிற்கும். உயிர் பாய்ந்து தாக்கத் தொடங்கும்வரை காத்திருந்து, அது அடங்கும் நொடியில் பந்து போய்ச் சேருமாறு எறிவார்கள்.

“அண்ணே, இன்னும் எறியலயா?”

“அது ஒரு தடவ பாயட்டும்டா தம்பி. அவசரப்பட்டா பந்துதான் வீண்.”

சில உயிர்களிடம் இந்தப் பொறுமையும் பலிக்காது. 2022 ஜூலையில் வந்த, உயிர்களை ஈர்க்கும் தினசரிச் சாம்பிராணியை ஏற்றினால் 15 நிமிடம் எரியும். நடந்துகொண்டே இருக்க வேண்டும். அபூர்வமாக அதில், போக்கிமான் உலகின் காலார் பகுதியைச் சேர்ந்த மூன்று பறவைகளில் ஒன்று வரும். அவற்றின் பிடி வீதம் 0.3 சதவீதம், தப்பி ஓடும் வீதம் 90 சதவீதம் என்பது விளையாட்டாளர்களின் கணக்கு. கைவசம் உள்ளதெல்லாம் போட்டாலும் பெரும்பாலும் ஒரே ஒரு பந்துதான் எறியக் கிடைக்கும். 2023இல் தவறவே தவறாத மாஸ்டர் பால் வந்தபோது, பலர் அதை இந்தப் பறவைகளுக்கென்றே பூட்டி வைத்துக்கொண்டதற்குக் காரணம் இதுதான்.

அடுத்தது இடம்.

2016 ஆகஸ்ட் 6 அன்று தென்கிழக்காசியாவின் மற்ற பல நாடுகளோடு மலேசியாவுக்கும் விளையாட்டு வந்தது. அதே மாதம் கூட்டரசுப் பிரதேச முஃப்தி, முஸ்லிம்கள் இதை விளையாடக் கூடாது என்றார். அதையும் தாண்டி, மாலையில் கேஎல்சிசி பூங்காவில் தலை குனிந்தபடி நடக்கும் கூட்டம் நகரத்துக்குப் பழகிப்போனது.

வரைபடம் எல்லா ஊரையும் ஒரே கண்ணால் பார்க்கவில்லை. பந்து நிரப்பிக்கொள்ளும் போக்கிஸ்டாப்கள், நியாண்டிக் நிறுவனத்தின் முந்தைய விளையாட்டான இன்கிரஸில் ஆட்கள் பரிந்துரைத்த இடங்களிலிருந்து எடுக்கப்பட்டவை. கோயில், சிலை, சுவரோவியம், நினைவுச்சின்னம் போன்றவை அதற்குத் தகுதியானவை. அந்தப் பழைய விளையாட்டை யார், எங்கே ஆடினார்களோ அங்கெல்லாம் புள்ளிகள் குவிந்தன. ஸ்காட் சாலை கந்தசுவாமி கோயிலிலிருந்து விவேகானந்தா ஆசிரமம்வரை, தகுதியான சின்னங்கள் அடர்ந்த பிரிக்ஃபீல்ட்ஸுக்கு இது சாதகம். காப்பார் பக்கத்துச் செம்பனைத் தோட்டத்தில் வளரும் பிள்ளைக்கு எட்டும் தூரத்தில் அப்படி எத்தனை இருந்துவிடும்? ஆளரவம் உள்ள இடத்தில்தான் உயிர்களும் அதிகம் தோன்றும். நிஜக் காட்டுக்கு நேர்மாறு: இந்தக் காட்டில் மரம் கூடினால் மிருகம் குறையும்.

இந்தப் பூட்டைத் திறக்கும் சாவி உறவு. 2018 ஜூனில் நண்பர் பட்டியலும் பண்டமாற்றும் வந்தன. மாற்றிக்கொள்ள இருவரும் 100 மீட்டருக்குள் நிற்க வேண்டும் என்பது அன்றைய விதி. மெல்பர்னில் படிக்கும் அக்கா விடுமுறைக்குச் சாக்லேட்டோடு ஒரு கங்காஸ்கானையும் கொண்டுவரலாம். திரும்பும்போது நாலு கோர்சோலா எடுத்துப்போகலாம். தம்பியிடம் இல்லாத ஷைனி ஒன்றைக் கொடுக்க, நட்பு புதிது என்றால் விளையாட்டின் செலாவணியான ஸ்டார்டஸ்ட் 10 லட்சம் செலவாகும். 90 நாள் பழகி அன்றைய உச்ச நட்பை அடைந்திருந்தால் 40,000 போதும். பழக்கத்துக்கு இவ்வளவு வெளிப்படையாக விலை போட்ட விளையாட்டு வேறு எதுவும் எனக்குத் தெரியவில்லை.

மூன்றாவது நேரம்.

2018 ஜனவரியிலிருந்து மாதந்தோறும் சமூக நாள் நடக்கிறது. குறிப்பிட்ட ஓர் உயிர் சில மணி நேரத்துக்கு எங்கும் பொங்கி வழியும். அதன் ஷைனி 25இல் ஒன்றாவது கிடைப்பதாக விளையாட்டாளர்கள் எண்ணிப் பார்த்திருக்கிறார்கள். உள்ளூர் நேரம் பிற்பகல் 2 முதல் 5 என்பது குளிர்நாட்டில் இதமான பொழுது. கிள்ளான் பள்ளத்தாக்கில் அது வெயில் மண்டையைப் பிளக்கும் நேரம், அல்லது இடிமழை கொட்டும் நேரம். அதனால் கூட்டம் பேரங்காடிகளுக்குள் ஒதுங்குகிறது. மழைக்கும் ஒரு பலன் உண்டு. விளையாட்டிலும் மழை பெய்தால் நீர், மின்சாரம், பூச்சி வகைகள் அதிகம் வரும், பலமும் கூடியிருக்கும். பலம் கூடினால் பிடிப்பது கடினமாகும் என்பதையும் கணக்கில் வையுங்கள்.

2020 மார்ச் 18இல் கோவிட் பரவலால் நடமாட்டக் கட்டுப்பாட்டு ஆணை வந்து வீதி அடங்கியது. நியாண்டிக் பூட்டுகளைத் தளர்த்தியது. ஏப்ரலில் வீட்டிலிருந்தே ரெய்டில் சேரும் சீட்டு வந்தது. போக்கிஸ்டாப்பை எட்டும் தூரம் 40 மீட்டரிலிருந்து 80 ஆனது. 2021 ஆகஸ்டில் அதைப் பழையபடி குறைக்கப் பார்த்தபோது உலகெங்கும் எதிர்ப்பு எழுந்து, 80 மீட்டரே நிலைத்தது. 2023இல் வீட்டுச் சீட்டின் விலையை ஏற்றி, ஒரு நாளைக்கு ஐந்து என்று வரம்பும் போட்டார்கள். பூட்டுவதும் திறப்பதும் எவ்வளவு எளிது, யார் கையில் இருக்கிறது என்பது அந்த மூன்றாண்டுகளில் எல்லோருக்கும் தெரிந்துபோனது. 2025இல் நியாண்டிக்கின் விளையாட்டுப் பிரிவை 350 கோடி டாலருக்கு ஸ்கோப்ளி வாங்கியபோது, சாவிக்கொத்தும் கைமாறியது.

கைப்பேசி சிட்னியில் இருப்பதாகப் பொய் சொல்லவைத்துக் கங்காஸ்கான் பிடிப்பவர்களும் உண்டு. அகப்பட்டால் எச்சரிக்கை, 30 நாள் தடை, கடைசியில் கணக்கே போகும். எனக்கு அதைவிடப் பெரிய இழப்பாகத் தெரிவது வேறு: அவர்களுக்கு அந்த அக்காவின் வருகை தேவைப்படுவதில்லை. நிறுவனம் போட்ட பூட்டு செயற்கையானதுதான். அதைத் திறக்க நாம் செலவழிக்கும் கைப்பழக்கமும் காத்திருப்பும் நட்பும் நிஜமானவை. பட்டியல் நிறைந்தாலும் இவை இல்லையென்றால், மிஞ்சுவது வெறும் பட்டியல்.

யாரும் பூட்டாமலே அரிதான உயிரும் நம் பக்கத்தில் உண்டு. பத்துமலையின் இருட்டுக் குகையில் வாழும் பொறிக்கதவுச் சிலந்தி, லிஃபிஸ்டியஸ் பத்துவென்சிஸ், 1923இல் அறிவியல் பெயர் பெற்றது. வயிற்றின்மேல் வளையம் வளையமாகத் தகடுகள் கொண்ட இந்தச் சிலந்தி வம்சம் ஏறத்தாழ 30 கோடி ஆண்டுப் பழமையுடையது. பட்டுநூலால் மூடி செய்து, வாசலிலிருந்து இழைகளைப் பரப்பி, அவை அதிர்வதற்காக உள்ளே காத்திருக்கும். தைப்பூசத்துக்கு லட்சக்கணக்கில் மலையேறும் நம்மில் பலர் அது இருப்பதே அறியாதவர்கள். கோர்சோலாவை நாளைக்கே ஒரு கட்டளையில் உலகெங்கும் கொட்டிவிடலாம். இந்தச் சிலந்திக்கு அப்படியொரு கட்டளை கிடையாது. தஜிரியின் குளங்கள் போனதுபோல இதன் குகை போனால், எந்தச் சமூக நாளும் அதைத் திருப்பித் தராது. திரையில் வருவதை விடாமல் பிடியுங்கள். குகையில் இருப்பதைப் பிடிக்காமல் விடுங்கள்.

(அடுத்த வாரம்: ஐந்து நட்சத்திர ரெய்டுக்காக மலாய், சீன, தமிழ் விளையாட்டாளர்கள் ஒரே மாமாக் கடையில் கூடும்போது, எந்த மொழியில் திட்டம் தீட்டுகிறார்கள்?)